இப்படி ஓர் ஊர் இல்லை

ஹார்ஷ்வார், 2.9.1948

அன்புள்ள கெடியோன் அண்ணனுக்கு,

இங்கே நானும் பூனையும் சுகம். நீயும் அண்ணியும் சுகம்தான் என்று உன் கையால் எழுதிவிட்டால் நிம்மதி. இருமல் என்ன ஆயிற்று என்பதையும் மறைக்காமல் எழுது. வழக்கம்போல உன் மொழியில்தான் எழுதுகிறேன். மொழி பழக நம் இரண்டு வீடும் பிள்ளைகளை மாற்றிக்கொண்டதில், மாற்றுப்பிள்ளையாக உங்கள் வீட்டில் நான் இருந்தது ஒரே வருஷம். அதற்குள் இவ்வளவு ஹங்கேரி மொழி மண்டையில் ஏறியது உன் அம்மாவின் கரண்டியால்தான், என் புத்தியால் இல்லை.

விஷயம் இதுதான். நம் ஊருக்குப் பேர் வைத்துவிட்டார்கள். இத்தனை நாள் பேரில்லாமல் கிடந்தது போலிருக்கிறது. உங்களுக்கு ஹார்ஷ்வார், எங்களுக்கு லிபோவெட்ஸ், ஜெர்மன்காரர்களுக்கு லிண்டன்பர்க். மூன்றும் இனிச் செல்லாது. ஊர் இனி ஓஸ்லானோவோ. ஓஸ்லான் என்று ஒரு தேசபக்தராம், எங்கள் ஸ்லோவாக் ஆள்தானாம். நம் ஊருக்கு அவர் வந்ததே இல்லை. தபால்காரர் வென்டெலின் மாமா மட்டும், மனுஷன் ரயிலில் ஒருமுறை நம் ஊரைத் தாண்டிப் போயிருக்கலாம், அப்போது தூங்கியிருப்பார் என்கிறார்.

தபால் நிலையத்துக்கும் உத்தரவு வந்துவிட்டது. பழைய பேரில் வரும் கடிதமெல்லாம் திரும்பிப் போக வேண்டும். முத்திரை குத்தும் மேஜை என்னுடையது என்று உனக்குத் தெரியும். க்ருபிட்சா என்று புது அதிகாரி வேறு வந்திருக்கிறார், முதுகுக்குப் பின்னாலேயே நிற்பார். அதனால் அண்ணே, உறையில் மட்டும் அந்தப் புதுப் பேரை எழுதிவிடு. உள்ளே உன் இஷ்டம். வெறும் உறைதானே.

அண்ணிக்கு என் முத்தங்கள். பதிலை எதிர்பார்க்கும்,
உன் தங்கச்சி ஒட்டிலியா

*

உறையின் மேல்: ஒட்டிலியா ஹ்ராடிலோவா, தோல்காரத் தெரு, லிபோவெட்ஸ்

பிகாட், 20.9.1948

ஒட்டிக்கு,

உன் கடிதம் வந்த அன்று இங்கே மழை. கூரை ஒழுகவில்லை, உடம்பும் பரவாயில்லை. இருமல் இருக்கிறது, அது என்னோடு எல்லை தாண்டி வந்த சொத்து. நீ குளிர் தொடங்குமுன் அந்தப் பின்கதவைச் சரிபண்ணிக்கொள்.

உங்கள் மலைவீட்டுக்கு மாற்றுப்பிள்ளையாக நான் வந்த அன்று உன் அப்பா என்னை வண்டியைவிட்டு இறங்க விடவில்லை. "உங்க ஊர் பேரை எங்க பாஷையில சொல்லுடா, அப்பறம் இறங்கு" என்றார். லிபோவெட்ஸ் என்று சொன்ன பிறகுதான் ரொட்டியைப் பிட்டுக் கையில் தந்தார். அதே நாள் உன்னை எங்கள் வாசலில் நிறுத்தி, பின்னால் நீயே குடிவந்த அந்த ஊருக்கு ஹார்ஷ்வார் என்று சொல்ல வைத்தார்கள். நீ அழுதுகொண்டே சொன்னாயாம், அம்மா சாகும்வரை சொல்லிச் சிரிப்பாள். அவரவர் முகத்துக்கு அவரவர் பேர். அன்றிலிருந்து உன்னிடம் ஊரை நான் என் பாஷைப் பேரால் சொன்னதில்லை, என்னிடம் நீ உன் பாஷைப் பேரால் சொன்னதில்லை. நம் இரண்டு வீட்டு மரியாதை அது.

போன வருஷம் ஹங்கேரிக்காரர்கள் என்று எங்களைச் சரக்கு ரயிலில் ஏற்றினார்கள். கட்டில், பீரோ, கோழிக்கூண்டு எல்லாவற்றோடும் ஏறினேன். காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டேன். இந்த ஒன்றை மட்டும் எழுத மாட்டேன். உறைதானே என்கிறாய். எனக்கு இப்போது ஊர் இருப்பது உறையில் மட்டும்தான்.

நலமாக இரு.
கெடியோன்

(உறையின் குறுக்கே முத்திரை: இப்படி ஓர் ஊர் இல்லை. அனுப்பியவருக்கே.)

*

உறையின் மேல்: ஒட்டிலியா ஹ்ராடிலோவா, தோல்காரத் தெரு, லிபோவெட்ஸ்

பிகாட், 15.10.1948

ஒட்டிலியாவுக்கு,

நலம். நீயும் நலம் என்றுதான் நினைக்கிறேன், கையில் நல்ல பலம் இருப்பது தெரிகிறது. முத்திரை உறையையே கிழித்துவிடும் போல விழுந்திருக்கிறது. இடது பக்கம் சாய்ந்து விழுந்திருப்பதால் யார் குத்தியது என்று யாரையும் கேட்க வேண்டியிருக்கவில்லை. சின்ன வயதில் பணியாரத்துக்கு அச்சு வைக்கும்போதும் நீ இப்படித்தான் சாய்ப்பாய்.

நான் எழுதியது எங்கள் பேர் அல்ல, ஒட்டி. உங்கள் பேர். உங்கள் அப்பா எனக்குச் சொல்லிக்கொடுத்த பேர். அதையே உங்கள் ஆட்கள் இல்லை என்கிறார்கள், நீயும் குத்துகிறாய். எனக்கு வயிறு எரிகிறது. திரும்பி வந்த கடிதத்தையும் இதோடு வைத்திருக்கிறேன். உறை அதே பேரில்தான். குத்துவதானால் குத்து.

கோபத்தோடு, ஆனாலும் அண்ணன்தான்,
கெடியோன்

*

ஹார்ஷ்வார், 3.11.1948

அன்புள்ள அண்ணனுக்கு,

இரண்டு கடிதமும் கிடைத்தன. உடம்பு நலம், மனசைப் பற்றிக் கேட்காதே.

ஆமாம், நான்தான் குத்தினேன். க்ருபிட்சா பக்கத்தில் நின்றார். உன் எழுத்தைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. குத்திவிட்டு வீட்டுக்கு வந்து அடுப்புகூடப் பற்றவைக்கவில்லை. உன் கோபம் எனக்கு வேண்டியதுதான், பாதி மட்டும் வை, மீதியை வேறு ஆளுக்குக் கொடு.

நீ மட்டும் என்று நினைக்காதே. எல்லை நதிக்கு அந்தப் பக்கம் போன ஒருவரும் புதுப் பேரை எழுதுவதில்லை. கல்யாணம், பிரசவம், சாவு, எல்லாச் செய்தியும் பழைய பேரில் வந்து மூட்டை மூட்டையாகத் திரும்பிப் போகிறது. பாத்திரக் கன்னான் மகள் அங்கே இரட்டைப் பிள்ளை பெற்றிருக்கிறாள், இங்கே அவள் அப்பனுக்கு இன்னும் தெரியாது. எனக்குத் தெரியும். அவனைத் தினமும் தெருவில் பார்க்கிறேன். இதை எப்படித் தாங்குவது சொல்.

போன கடிதத்தில் புதுப் பேரை எழுதச் சொன்னேன், அதை மறந்துவிடு. உன் இஷ்டப்படி எழுது. உன் கடிதம் இந்தத் தடவை எப்படி என் கைக்கு வந்தது என்று மட்டும் கேட்காதே. இங்கே ஊர்ப் பொது ரொட்டிச் சூளைக்கு நான் இப்போது அடிக்கடி போகிறேன். அவ்வளவு தெரிந்தால் போதும்.

நீ இருக்கும் வீட்டைப் பற்றி ஒரு வரிகூட எழுதியதில்லையே. எப்படி இருக்கிறது?

அண்ணியின் முழங்கால் தேவலையா? விசாரித்ததாகச் சொல்.
ஒட்டிலியா

*

உறையின் மேல்: ஒட்டிலியா ஹ்ராடிலோவா, தோல்காரத் தெரு, லிபோவெட்ஸ்

பிகாட், 28.11.1948

அன்புத் தங்கச்சிக்கு,

முழங்கால் தேவலை. கோபமும் தேவலை. ஒற்றை ஆளுக்கு எத்தனை ரொட்டி வேண்டும் என்று கேட்க வாய் வருகிறது, கேட்கவில்லை. பார்த்து நட.

வீட்டைப் பற்றிக் கேட்டாய். நல்ல வீடு. எங்களுக்கு முன்னால் இருந்த ஜெர்மன் குடும்பத்தை நாங்கள் வருவதற்கு முந்தைய வருஷம் வண்டியேற்றிவிட்டார்கள். உள்ளறையில் அவர்கள் போட்ட பிளம் ஜாம் இருந்தது. முதல் குளிர்காலம் அதைத்தான் தின்றோம். நன்றாக இருந்தது, அதுதான் கஷ்டம்.

போன மாதம் அந்த வீட்டுக்காரி கடிதம் போட்டிருக்கிறாள். ரோசினா க்ளாட் என்று பேர். எங்கோ ஜெர்மனியிலிருந்து, "இந்த வீட்டில் இருப்பவருக்கு" என்று எழுதி, கீழே ஊர் பேரை பிகெந்தால் என்று போட்டிருக்கிறாள். பிகாட்டுக்கு அவர்கள் வைத்திருந்த பேராம். இங்கே உள்ள தபால்காரர் ஒன்றும் சொல்லாமல் தந்துவிட்டுப் போனார். இடிந்துபோன சர்ச் சுவர் ஓரம் அவளுடைய பையன் கல்லறை இருக்கிறதாம். கல்லறைத் திருநாளுக்கு ஒரு மெழுகுவர்த்தி வைக்க முடியுமா என்று கேட்டிருந்தாள். எங்கள் சபையில் அந்தப் பழக்கம் கிடையாது என்பது உனக்குத் தெரியும். அதோடு, நான் உட்கார்ந்திருக்கும் வீட்டுக்கு வேறொரு பேரைச் சொல்லி ஒருத்தி எழுதுவது எனக்குப் பிடிக்கவில்லை. கடிதம் கடிகாரத்துக்குப் பின்னால் இருக்கிறது. பதில் போடவில்லை.

நீ சுகமாக இரு.
கெடியோன்

*

ஹார்ஷ்வார், 12.12.1948

கெடியோனுக்கு,

நலம் விசாரிப்பை இந்தத் தடவை கடைசியில் வைத்துக்கொள்கிறேன், முதலில் திட்ட வேண்டியிருக்கிறது.

இங்கே ஒரு க்ருபிட்சாவோடு மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறேன். அங்கே நீ இன்னொரு க்ருபிட்சாவாக உட்கார்ந்திருக்கிறாய். அவராவது முத்திரை குத்தித் திருப்பி அனுப்புகிறார், போய்ச் சேரவில்லை என்று அனுப்பியவளுக்குத் தெரிந்துபோகும். நீ கடிகாரத்துக்குப் பின்னால் செருகி வைத்திருக்கிறாய். அவள் தினமும் எதிர்பார்த்துக்கொண்டிருப்பாள். அவள் ஜாமைத் தின்னும்போது உன் சபை ஒன்றும் சொல்லவில்லையா?

போய் அந்த மெழுகுவர்த்தியை ஏற்று. ஏற்றினேன் என்று எழுது. கடிதத்தின் தலைப்பில் பிகெந்தால் என்று எழுது, அவள் முகத்துக்கு அவள் பேர். உன் அம்மா என்னை வாசலில் நிறுத்தி அழவிட்டது இதற்குத்தான்.

இங்கே உறைபனி. எல்லார் வீட்டுக்கும் என் ரொட்டி போகிறது. கன்னான் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதான், இரட்டைப் பிள்ளை தாத்தாவாம்.

கிறிஸ்துமஸ் வாழ்த்து இருவருக்கும். உன் இருமலுக்கு வாத்துக் கொழுப்பு தடவிக்கொள்.
ஒட்டிலியா

*

உறையின் மேல்: ஒட்டிலியா ஹ்ராடிலோவா, தோல்காரத் தெரு, லிபோவெட்ஸ்

பிகெந்தால், 9.1.1949

அன்புத் தங்கச்சிக்கு,

புது வருஷம் உனக்கு நல்லபடியாக அமையட்டும். வாத்துக் கொழுப்பு நாறுகிறது, ஆனால் இருமல் அதற்குக் கேட்கிறது.

திட்டியது உறைத்தது. தலைப்பைப் பார், கை பழக வேண்டும் என்று உனக்கே எழுதிப் பார்த்தேன். பனியை வாரிவிட்டுக் கல்லறையைக் கண்டுபிடித்தோம். ஏழு வயதுப் பையன். அண்ணி சொன்னாள், ஒன்று வைத்தால் காற்றில் அணைந்துவிடும், இரண்டு வை என்று. வைத்தேன். அந்த அம்மாவுக்கு எழுதிவிட்டேன். தாமதத்துக்கு மன்னிப்பும் கேட்டேன். ஜாமைப் பற்றி எழுத வெட்கமாக இருந்தது, அதையும் எழுதினேன்.

ரொட்டி விநியோகம் எப்படி நடக்கிறது? உடனே எழுது.
கெடியோன்

*

ஹார்ஷ்வார், 20.2.1949

அன்புள்ள அண்ணனுக்கு,

தாமதமாகிவிட்டது, கோபிக்காதே. கணுக்காலில் சுளுக்கு. சில நாளாக வேலைக்குப் போகவில்லை. மற்றபடி நலம்.

இரண்டு மெழுகுவர்த்தி வைத்ததைப் படித்து எனக்குச் சிரிப்பும் அழுகையும் வந்தது. அண்ணி உன்னைவிடக் கெட்டிக்காரி என்பது எனக்கு உங்கள் கல்யாணத்தன்றே தெரியும்.

குளிர்காலம் ஆகையால் வீடு வீடாக இறகு பிரிக்கும் வேலை. தெருப் பெண்களோடு உட்கார்ந்து வாத்திறகு உரிக்கிறேன். நன்றாகப் பொழுது போகிறது. யாராவது தும்மினால் மேஜையே பறந்துவிடும். வேறு செய்தி ஒன்றுமில்லை. நீ எப்போதும்போல எழுது. எப்போதும்போல என்றால் எப்போதும்போல.

அன்புடன்,
ஒட்டிலியா

*

ஹார்ஷ்வார், 6.3.1949

தம்பி கெடியோனுக்கு வென்டெலின் எழுதிக்கொண்டது.

நான் சாகவில்லை என்பதை முதலில் தெரிவித்துக்கொள்கிறேன், என் கையெழுத்தைப் பார்த்து நீ பயந்திருப்பாய். முப்பது வருஷம் அடுத்தவன் கடிதத்தைச் சுமந்தவன், சொந்தமாக எழுதுவது இதுதான் ரெண்டாவது. முதலாவது என் பெண்டாட்டிக்கு, அதன் பலனைத்தான் பார்க்கிறாயே.

ஒட்டிலியா உனக்கு எழுதியிருக்க மாட்டாள். சுளுக்கு என்று எழுதியிருப்பாள். அவளுக்குச் சுளுக்கும் இல்லை, வேலையும் இல்லை. ஜனவரியிலேயே அனுப்பிவிட்டார்கள்.

திருப்பி அனுப்ப வேண்டிய கடிதங்களை அவள் மாவுக்கூடையில் ரொட்டிக்கு அடியில் வைத்துச் சூளைக்குக் கொண்டுபோவாள். அங்கே வரும் பெண்கள் அவரவர் வீட்டுக் கடிதத்தை அவரவர் ரொட்டியோடு எடுத்துப் போவார்கள். ஊருக்கே தெரியும், ஊரே வாயை மூடிக்கொண்டிருந்தது. எனக்கும் தெரியும். நான் மூட்டையைக் கொஞ்சம் மெதுவாகப் பிரிப்பேன், அவ்வளவுதான் என் வீரம். யாரோ சொல்லிவிட்டார்கள். க்ருபிட்சா சூளையிலேயே வந்து நின்று துணியைத் தூக்கிப் பார்த்தார்.

அந்த ஆள் கத்தவில்லை, அதையும் சொல்ல வேண்டும். "உன் புருஷன் போன யுத்தத்துல இந்த மண்ணுக்காக மலையில சண்டை போட்டுச் செத்தவரு. அவரு பேருக்காவது மரியாதை குடுக்க வேண்டாமாம்மா?" என்று கேட்டார். இவள் கையிலிருந்த மாவைத் துடைத்துக்கொண்டே சொன்னாள்: "அவரு செத்தது லிபோவெட்ஸுக்காக. கல்லறைக் கல்லுலயும் அப்படித்தான் வெட்டியிருக்கு, போய்ப் பாருங்க. ஓஸ்லானோவோவுக்காக இதுவரைக்கும் ஒருத்தரும் சாகல. யாராவது செத்தா சொல்லி அனுப்புங்க தோழர், அந்தக் கடிதாசியை நானே கொண்டுபோய்க் குடுக்கறேன்."

ரொட்டி கருகும் வாசனை வந்த பிறகுதான் சூளைக்காரனுக்கே நினைவு வந்தது.

இப்போது செங்கல் காளவாயில் மண் சுமக்கிறாள். இறகு உரிப்பதெல்லாம் ராத்திரிக்கு. கை வெடித்துக் கிடக்கிறது. க்ருபிட்சா என்னிடம் ஜாடையாகச் சொன்னார், அவளுக்கு வரும் கடிதமாவது புதுப் பேரில் வந்தால், அவள் திருந்திவிட்டாள் என்று மேலிடத்துக்கு எழுதி மேஜையைத் திருப்பித் தந்துவிடலாமாம். அவளுக்கு எழுதுவது நீ ஒருத்தன்தான். யோசித்துக்கொள். நான் சொன்னேன் என்று சொல்லாதே, என்னை அவள் கூடையில் போட்டுச் சூளைக்குள் தள்ளிவிடுவாள்.

வென்டெலின்

*

உறையின் மேல்: ஒட்டிலியா ஹ்ராடிலோவா, தோல்காரத் தெரு, ஓஸ்லானோவோ

பிகாட், 18.3.1949

என் அன்புத் தங்கச்சிக்கு,

உறையைப் பார்த்திருப்பாய். தெளிவாகத்தான் எழுதியிருக்கிறேன். க்ருபிட்சா கண்ணாடி போடாமலே படிக்கலாம்.

யார் சொன்னார்கள் என்று கேட்காதே. எனக்குத் தெரிந்துவிட்டது. நீ மண் சுமக்கிறாய், நான் இங்கே உட்கார்ந்து வீறாப்பாக ஊர்ப் பேர் எழுதிக்கொண்டிருக்கிறேன். இது எனக்கு ஆகாது. என் வீட்டை எடுத்துக்கொண்டார்கள், தோட்டத்தை எடுத்துக்கொண்டார்கள், அதையெல்லாம் தாங்கினேன். என்னால் உனக்கு ஒன்று போவதைத் தாங்க மாட்டேன். அந்தப் பேர் எனக்குப் பெரிதுதான். உன்னைவிடப் பெரிதில்லை. கூடப் பிறக்காதவள்தான் நீ. ஆனால் உன் கட்டிலில் நான் ஒரு வருஷம் தூங்கினேன், என் கட்டிலில் நீ தூங்கினாய், அதற்குமேல் ரத்தம் என்ன பெரிய ரத்தம்.

மேஜைக்குத் திரும்பிப் போ. இனி இப்படியே எழுதுவேன்.

உன் கைகளுக்கு முத்தம்.
கெடியோன்

(கடிதம் பிரிக்கப்படாமல் திரும்பியது. உறையின் மேல் முத்திரை இல்லை. பென்சிலால், இடது பக்கம் சாய்ந்த எழுத்தில்: இப்படி ஓர் ஊர் இல்லை. அனுப்பியவருக்கே.)

*

ஹார்ஷ்வார், 10.4.1949

அன்புள்ள அண்ணனுக்கு,

நலம். இந்தத் தடவை உண்மையாகவே எழுதுகிறேன்: தோள் வலிக்கிறது, கை வெடித்திருக்கிறது, தூக்கம் நன்றாக வருகிறது. நீயும் அண்ணியும் நலமா?

புதுப் பேரில் ஒரு கடிதம் வந்தது. க்ருபிட்சாவே கொண்டுவந்தார், தொப்பியைக் கழற்றி, சிரித்த முகத்தோடு. "பாருங்கம்மா, உங்க அண்ணனே எழுதிட்டாரு" என்றார். எழுத்து உன்னுடையது மாதிரி இருந்தது. அவர் முன்னாலேயே பென்சிலை எடுத்து எழுதித் திருப்பிக் கொடுத்தேன். என் அண்ணன் அந்த ஊருக்கு எழுத மாட்டான், வேறு யாரோ ஒரு கெடியோன், வேறு யாரோ ஒரு ஒட்டிலியாவுக்கு எழுதியிருக்கிறான் என்றேன். அவருக்குக் கோபம்கூட வரவில்லை. அப்படியானால் காளவாய்தான் என்றார். காளவாய்தான் என்றேன்.

எனக்காக வளைந்தாய் என்று தெரியாமலில்லை. வென்டெலின் மாமா என்னைக் கண்டால் சந்து மாறிப் போகிறார், அதிலேயே புரிந்தது. அண்ணே, மேஜை எனக்கு வேண்டாம். அந்த மேஜையில் உட்கார்ந்தால் நாளைக்குக் கன்னான் வீட்டுக் கடிதத்தை மறுபடி நானே குத்த வேண்டும். மண் சுமப்பது பரவாயில்லை. யாருக்கும் எதையும் இல்லை என்று சொல்ல வேண்டியதில்லை.

ரொட்டிக்கூடை நிற்கவில்லை. இப்போது வேறு கையில் போகிறது. யார் என்று எழுத மாட்டேன், என் மேஜையில் இப்போது உட்கார்ந்திருப்பவள் ரொட்டி நன்றாகச் சுடுவாள் என்று மட்டும் சொல்கிறேன்.

ரோசினா அம்மாவிடமிருந்து பதில் வந்ததா? வந்தால் என் வணக்கத்தையும் சேர்த்து எழுது.

உன் தங்கச்சி,
ஒட்டிலியா

பின்குறிப்பு: அந்தத் திரும்பி வந்த கடிதத்தில் என்ன எழுதியிருந்தாய்? அன்றிலிருந்து அதுதான் மண்டையைக் குடைகிறது. ஒரு எழுத்தும் மாற்றாமல் அதையே நம் ஊருக்கு அனுப்பு.